பர்மா ராணியும் ஜான்சி ராணிப் படையும்

வாழவந்தியிலிருந்து சேலத்திற்கு மலையிறங்கும் என் மாணவர்கள், ஏற்காடு சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைப் பார்த்திருக்கிறார்கள். பத்தாம் வகுப்பின் இரண்டாம் உலகப் போர்ப் பாடத்தை அந்த வளைவிலிருந்தே தொடங்கினேன்.

டி.ஆர்.சுந்தரம் 1930-களில் தொடங்கிய அந்நிறுவனம் 1945-இல் ‘பர்மா ராணி’ என்ற பேசும் படத்தை வெளியிட்டது. போருக்கு ஆதரவான படங்களை ஆங்கில அரசு வலியுறுத்திய காலம் அது. ஜப்பானியர் பிடியிலிருந்த பர்மாவில் இந்திய விமானப்படையினருக்கு உதவும் துணிச்சலான பெண்ணாகக் கே.எல்.வி.வசந்தா நடித்தார். ஜப்பானிய அதிகாரியாக நடித்தவர் சுந்தரமே.

அதே போரில் உண்மையான ராணிகளும் இருந்தார்கள். 1943-இல் சிங்கப்பூரில் நேதாஜி ஜான்சி ராணிப் படையை அமைத்தார். தலைமை ஏற்றவர் சென்னையில் பிறந்த கேப்டன் லட்சுமி. மலாயாவின் ரப்பர் தோட்டங்களில் உழைத்த தமிழ்ப் பெண்கள் பலர் அதில் சேர்ந்தனர். ஆனால் இவர்கள் ஜப்பானின் துணையோடு ஆங்கிலேயரை எதிர்த்தவர்கள்.

தாய்மார் காப்பித் தோட்டத்தில் வேலை செய்யும் என் மாணவிகள் இங்கே நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். “அப்படின்னா படம் பொய்யா, டீச்சர்?” என்றாள் ஒருத்தி.

நான் விடை சொல்லவில்லை. கரும்பலகையில் மூன்று கேள்விகள் எழுதினேன்: படத்தை எடுத்தவர் யார்? எப்போது எடுத்தார்? அன்று யாருடைய ஆட்சி?

திரைப்படமும் வரலாற்றுச் சான்றுதான். கேள்வியோடு பார்க்கப் பழக்குவது நம் வேலை.