மூன்று வரியில் ஒரு உலகம்!

"மூணு வரி எழுதினா கவிதையாடா?" என்று ஒருவன் என்னைக் கேலி செய்தான். பதில் தேடினேன். நம்ம புதுவையிலேயே கிடைத்தது!

பாரதியார் இங்கே வாழ்ந்தபோதுதான், 1916-இல், சுதேசமித்திரனில் ‘ஜப்பானியக் கவிதை’ என்ற கட்டுரை எழுதி ஹைக்கூவைத் தமிழருக்கு அறிமுகம் செய்தார்.

ஜப்பானில் 5-7-5 அசை. தமிழில் பெரும்பாலும் அந்தக் கணக்கு பார்ப்பதில்லை. மூன்று வரி போதும். இயற்கையைப் பாடினால் ஹைக்கூ. மனிதரைக் கிண்டலடித்தால் சென்ரியு. உரைநடையோடு சேர்ந்தால் ஹைபுன். லிமரிக்கோடு கலந்தால் லிமரைக்கூ; அதைத் தமிழுக்குத் தந்தவர் ஈரோடு தமிழன்பன்!

ரகசியம் இதுதான்: பாதியைக் கவிஞர் சொல்வார், மீதி நம்மிடம். இதோ, என் முயற்சி:

தாத்தா இல்லாத வீடு
தினமும் வந்து விழுகிறது
அவர் செய்தித்தாள்

‘நான் அழுதேன்’ என்று நாலாவது வரியும் இருந்தது. அடித்துவிட்டேன்.

கேலி செய்தவன் படித்தான். ஒண்ணும் பேசல.

நீங்களும் எழுதுங்களேன்!