தொலைந்துபோன உரிமக் குறியீடு

மைக்ரோசாப்ட் ஆபீஸ் 2007, 2010 போன்ற பழைய மென்பொருளை உரிய விலை கொடுத்து வாங்கி, குறுந்தகட்டையும் பத்திரப்படுத்திவிட்டு, அதன் உறையில் ஒட்டியிருந்த உரிமக் குறியீட்டை மட்டும் தொலைத்துவிட்டவர்கள், கணினியை மாற்ற நேரும் தினத்தில் அடையும் மனக்கிலேசம் கொஞ்சமல்ல. ஆயினும் பழைய கணினி கைவசம் இருக்கும் வரையில் நம்பிக்கை இழக்கக் காரணமில்லை.

ஐந்தைந்தாகப் பிரித்த 25 எழுத்துகளாலான அந்தக் குறியீட்டில், பூஜ்யத்தோடு மயங்கக்கூடிய ஆங்கில 'ஓ'வுக்கும், ஒன்று என்ற இலக்கத்தோடு மயங்கக்கூடிய 'ஐ'க்கும் இடமில்லை. மொத்தம் 24 குறிகளே அதில் பயில்கின்றன. வாசிப்பவரின் கண்ணுக்கு இரக்கம் காட்டும் நல்ல ஏற்பாடு இது. மென்பொருளை நிறுவும்போது, விண்டோஸின் 'ரிஜிஸ்ட்ரி' என்னும் பதிவேட்டில், 'டிஜிட்டல் புராடக்ட் ஐடி' என்ற பெயரின் கீழ், இக்குறியீடு உருமாறிய எண்களாகப் பதிவாகிறது. பார்வைக்கு அர்த்தமற்ற அவ்வெண்களை 'புரோடியூகீ' போன்ற சிறிய இலவச நிரல் கணப்பொழுதில் பூர்வ ரூபத்துக்குக் கொண்டுவந்துவிடும். கணினி இயங்காமற்போனாலும், வன்தட்டு பழுதுபடாதிருந்தால், அதனைக் கழற்றி வேறொரு கணினியில் இணைத்து வாசிக்கலாம்.

2013ஆம் ஆண்டுப் பதிப்பு முதல் கடைசி ஐந்து எழுத்துகளே கணினியில் தங்குகின்றன. அப்பதிப்பினருக்கு வாங்கிய ரசீதும் மைக்ரோசாப்ட் கணக்குமே கதி.

பழைய கணினியைப் பிறரிடம் ஒப்படைக்கும் முன், தயவுசெய்து குறியீட்டைப் படித்து ஒரு காகிதத்தில் எழுதி வையுங்கள்.