காலுறைக்கும் உண்டு அளவு

விளையாட்டுக் காலுறையின் அட்டையில் உள்ள எண்ணும் ஷூவின் எண்ணும் எப்போதும் ஒன்றாக இருப்பதில்லை. அமெரிக்க முறையில் காலுறையின் எண், பாதத்தின் நீளத்தை அங்குலக் கணக்கில் ஒட்டி வருவது. அங்கே ஆண்களுக்கான 10–13 என்ற காலுறை, ஏறத்தாழ 6 முதல் 12 வரையிலான ஷூக்களுக்குப் பொருந்தும். ஐரோப்பியக் காலுறைகளில் 39–42, 43–46 என்று ஷூ எண்ணே நேராக இருக்கும். இந்தியக் கடைகளில் பெரும்பாலும் பிரிட்டிஷ் எண்தான். அதன் 8, ஐரோப்பாவில் சுமார் 42.

பாதத்தை அளக்க மாலை நேரமே நல்லது. பகலெல்லாம் நடந்த கால் சற்று உப்பியிருக்கும். குதிகாலைச் சுவரோடு ஒட்டி நின்று, மிக நீண்ட விரலின் நுனிவரை அளக்க வேண்டும். இரண்டு பாதங்களில் பெரியதன் அளவே கணக்கு.

போட்டுப் பார்க்கும்போது முதலில் கவனிக்க வேண்டியது குதிகால் பகுதி. காலுறையில் அதற்கென்று பின்னப்பட்ட வளைவு கணுக்காலுக்கு மேலே ஏறி நின்றால் காலுறை பெரியது. உள்ளங்காலுக்கு அடியில் இழுபட்டால் சிறியது. பெரிய காலுறையில் மிஞ்சும் துணி விரல்களருகே மடிந்து, ஓடும்போது தோலில் உரசிக் கொப்புளம் உண்டாக்கும். இது விளையாடுபவரை வாட்டும் தொல்லை. சிறியதோ விரல்களை நெருக்கி நகத்தை அழுத்தும். காலுறையின் மேல்பட்டி காலில் ஆழமாகத் தடம் பதித்தாலும் இறுக்கம் அதிகம் என்றே பொருள்.

பருத்தி கலந்தவை துவைத்தால் சற்றுச் சுருங்கும். அதற்கும் கொஞ்சம் இடம்விட்டு வாங்குவது நல்லது.