தொலைந்த படச்சுருள்களைத் தேடியவர்

திரைப்படங்கள் பேசத் தொடங்குவதற்கு முன்னர் ஏறக்குறைய முப்பது ஆண்டுகள் மௌனமாகவே ஓடின. உரையாடல் எழுத்தாகத் திரையில் தோன்றும். அரங்கில் அமர்ந்திருக்கும் கலைஞர்கள் காட்சிக்கேற்ப இசைப்பர். பேசும் படங்கள் வந்தபின் மௌனப்படங்களைக் கேட்பார் இல்லை. அவை பதிவாகியிருந்த நைட்ரேட் சுருள்கள் எளிதில் தீப்பற்றக்கூடியவை, காலப்போக்கில் தூளாகிவிடுபவை. அவற்றிலுள்ள வெள்ளியைப் பிரித்தெடுப்பதற்காகவும் பல படங்கள் அழிக்கப்பட்டன. நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த ‘கீசகவதம்’ என்னும் படத்திற்கு இன்று ஒரு பிரதிகூட இல்லை. எல்லா நாடுகளிலும் இதே நிலைதான். இவ்வழிவுக்கு எதிராக உழைத்தவர்களுள் ஒருவர் இங்கிலாந்து நாட்டு இயக்குநரும் திரைப்பட வரலாற்றாசிரியருமான கெவின் பிரவுன்லோ.

பிரவுன்லோ 1938ஆம் ஆண்டு பிறந்தார். அவருக்குப் பதினொரு வயதானபோது, வீட்டிலேயே படம் காட்டும் சிறு கருவி ஒன்றைப் பெற்றோர் பரிசளித்தனர். அதில் ஓட்டுவதற்காகப் பழைய சுருள்களைத் தேடிச் சேர்த்தார். 1954இல், பதினைந்து வயதில், இரண்டு சுருள்கள் அவர் கைக்கு வந்தன. பிரெஞ்சு இயக்குநர் ஆபெல் கான்ஸ் 1927இல் வெளியிட்ட ‘நெப்போலியன்’ படத்தின் சிறு பகுதி அது. குதிரையின் முதுகில் கேமராவைப் பொருத்திப் படமெடுத்தவர் கான்ஸ். இறுதிக் காட்சிக்காக மூன்று திரைகளை அருகருகே நிறுத்தியவர். பல மணி நேரம் ஓடிய அப்படம் பின்னாளில் துண்டு துண்டாக வெட்டப்பட்டிருந்தது. எஞ்சிய பகுதிகள் எங்கே என்று தேடத் தொடங்கினார் அந்தப் பள்ளி மாணவர்.

பதினெட்டு வயதில் தாமே ஒரு படம் எடுக்க முனைந்தார். இரண்டாம் உலகப் போரில் இங்கிலாந்தை ஜெர்மனி கைப்பற்றியிருந்தால் என்ன நேர்ந்திருக்கும் என்பதே கதை. உடன் உழைத்த ஆண்ட்ரூ மோலோவுக்கு அப்போது வயது பதினாறு. பணம் இல்லை, நடித்தவர்களுள் பெரும்பாலோர் ஊதியம் பெறாதவர்கள். படம் முடிய எட்டு ஆண்டுகள் ஆயின.

இதற்கிடையே மற்றொரு கவலையும் அவரை வாட்டியது. படங்கள் மட்டுமல்லாமல், அவற்றை உருவாக்கியவர்களும் மறைந்துகொண்டிருந்தனர். அமெரிக்கா சென்று, பஸ்டர் கீட்டன், மேரி பிக்ஃபோர்டு முதலிய மூத்த கலைஞர்களைச் சந்தித்து அவர்தம் நினைவுகளைப் பதிவுசெய்தார். அவர்களை அதுவரை அவ்வளவு பொறுமையுடன் கேட்டவர்கள் மிகச் சிலரே. இதன் பயனாக 1968இல் அவரது புகழ்பெற்ற வரலாற்று நூல் வெளிவந்தது. 1980இல் டேவிட் கில் என்பவருடன் இணைந்து, மௌனப்பட வரலாறு குறித்த 13 பகுதித் தொலைக்காட்சித் தொடரையும் உருவாக்கினார்.

மௌனப்படம் என்றால் மனிதர்கள் விரைந்து துள்ளி ஓடுவது என்ற எண்ணம் பலருக்கு உண்டு. அது படத்தின் குறையன்று. அக்காலப் படங்கள் பலவும் நொடிக்கு 24க்கும் குறைவான சட்டங்களாகப் பதிவாயின. பிற்காலக் கருவியோ நொடிக்கு 24 சட்டங்களை ஓட்டியது. அதனால் நடை ஓட்டமாயிற்று. உரிய வேகத்தில், தெளிவான பிரதியில் காட்டினால் அதே காட்சி கம்பீரமாக விளங்கும். இதையே பிரவுன்லோ மீண்டும் மீண்டும் எடுத்துக்காட்டினார்.

‘நெப்போலியன்’ படத்தின் துண்டுகளைப் பல நாட்டுக் காப்பகங்களிலிருந்து திரட்டி, ஒழுங்குபடுத்தி இணைத்தார். 1979இல் அமெரிக்காவின் டெல்யூரைடு என்னும் மலையூரில், குளிர்ந்த இரவில், திறந்தவெளியில் அது திரையிடப்பட்டது. எண்பத்தொன்பது வயதான கான்ஸ் தம் விடுதி அறையின் சன்னல் வழியே அதைக் கண்டார். மறு ஆண்டு லண்டனில், கார்ல் டேவிஸ் அமைத்த இசையுடன் ஏறத்தாழ ஐந்து மணி நேரப் படமாக அது ஓடியது. 1981இல் கான்ஸ் மறைந்தார்.

2010இல் பிரவுன்லோவுக்கு மதிப்புறு ஆஸ்கார் விருது வழங்கப்பட்டது. அதற்குப் பத்து ஆண்டுகளுக்கு முன்பே, புதிதாகக் கிடைத்த துண்டுகளையும் சேர்த்து, ‘நெப்போலியன்’ படத்தை ஐந்தரை மணி நேரமாக அவர் நீட்டியிருந்தார்.