அன்றாடக் கணக்கு – 12: ஆளுக்கு ஆறு பேர்

ஓர் எண்ணை ஒரே எண்ணால் திரும்பத் திரும்பப் பெருக்கிக்கொண்டு போனால் கிடைப்பது பெருக்குத் தொடர்வரிசை. 1, 6, 36, 216, 1,296 என்று போகும் வரிசையில் ஒவ்வோர் உறுப்பும் முந்தையதைப் போல் ஆறு மடங்கு; அந்த ஆறுதான் பொது விகிதம். தமிழ்நாட்டில் பத்தாம் வகுப்பு மாணவர்கள் ‘எண்களும் தொடர்வரிசைகளும்’ என்ற பாடத்தில் இதைப் படிக்கிறார்கள். தேர்வு முடிந்து பல ஆண்டுகள் கழித்து, இதே வரிசை வேறு வேடத்தில் வீடு தேடி வருகிறது. “ஐயாயிரம் கட்டிச் சேருங்கள். ஆறு பேரைச் சேர்த்துவிட்டால் முப்பதாயிரம் உங்கள் கையில்.” சொல்பவர் பெரும்பாலும் சொந்தக்காரராகவோ கூட வேலை செய்பவராகவோ இருப்பார். அதனால்தான் மறுப்பது கடினம்.

தொடங்கியவர் ஒருவர். அவருக்குக் கீழே ஆறு பேர், அவர்களுக்குக் கீழே 36 பேர். ஐந்தாம் அடுக்கில் 1,296 பேர். ஒரு சிற்றூரின் மக்கள்தொகை. எட்டாம் அடுக்கில் 2,79,936. பதினோராம் அடுக்குக்கு மட்டும் 6,04,66,176 பேர் வேண்டும். மேலிருந்து அதுவரை உள்ள அனைவரையும் கூட்டினால் 7,25,59,411. 2011 கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டின் மக்கள்தொகை 7,21,47,030. தொட்டில் குழந்தை வரை ஒருவர் விடாமல் சேர்ந்தாலும் பதினோராம் அடுக்கு நிரம்பாது. மாதத்துக்கு ஓர் அடுக்கு சேர்ந்தால், இதற்கு ஆகும் காலம் பத்தே மாதம். பதின்மூன்றாம் அடுக்குக்கு 217 கோடிப் பேர் தேவை. இந்தியாவில் அத்தனை பேர் இல்லை. பதினான்காம் அடுக்குக்கு உலகமே போதாது.

ஆள் கிடைக்காமல் போவது பிறகுதான் என்றும், முன்னாலேயே சேர்ந்தவர் தப்பிவிடலாம் என்றும் இதற்குப் பதில் சொல்வார்கள். கணக்கு அதையும் ஏற்பதில்லை. நான்கே அடுக்கில் திட்டம் நின்றுபோனதாகக் கொள்ளலாம். மொத்தம் 259 பேர். அதில் கடைசி அடுக்கில் மட்டும் 216 பேர். பதினோரு அடுக்கு வரை போனாலும் அதே பங்குதான்: ஆறில் ஐந்து பேர் கடைசி அடுக்கில் நிற்கிறார்கள். அவர்களுக்குக் கீழே யாரும் இல்லை. கட்டிய பணம் திரும்பாது. திட்டம் சீக்கிரம் நின்றால் நஷ்டப்படுபவர்களின் எண்ணிக்கை குறையும், விகிதம் குறையாது.

காரணம் கூட்டுத்தொகைச் சூத்திரத்திலேயே இருக்கிறது. 1+6+36+216 என்ற கூட்டுத்தொகையை ஆறால் பெருக்கினால் 6+36+216+1,296. இரண்டிலும் பொதுவாக உள்ளவை கழிந்துபோக, மிஞ்சுவது 1,296-1. அதாவது கூட்டுத்தொகையின் ஐந்து மடங்கு 1,295, கூட்டுத்தொகை 259. இப்படி, அதுவரையிலான எல்லா அடுக்குகளும் சேர்ந்தாலும் அடுத்து வரும் ஓர் அடுக்கில் ஐந்தில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவாகவே இருக்கும். பொது விகிதம் இரண்டாக இருந்தாலும் கடைசி உறுப்பு ஒன்றே முந்தைய அனைத்தின் கூட்டுத்தொகையை விஞ்சிவிடும்.

இத்தகைய பணச் சுழற்சித் திட்டங்களை இந்தியாவில் 1978-ஆம் ஆண்டின் சட்டம் தடை செய்கிறது. சேர்த்தவரும் சட்டத்தின் பிடிக்குள் வருவார் என்பதை, உறவினரை நம்பி உறவினர்களைச் சேர்ப்பவர்கள் அறிந்திருக்க வேண்டும்.

கூட்டு வட்டியும் பெருக்குத் தொடர்வரிசைதான். பொது விகிதம் மட்டும் ஒன்றை ஒட்டியிருக்கும். ஆண்டுக்கு 8 விழுக்காடு என்றால் விகிதம் 1.08. முதல் இரண்டாகப் பெருக ஒன்பது ஆண்டுகள் ஆகும். 72-ஐ வட்டி விகிதத்தால் வகுத்தால் இந்தக் காலம் ஏறக்குறைய கிடைத்துவிடும். தாளும் பேனாவும் வேண்டியதில்லை. கடன் பக்கம் திரும்பினால் இதே வழி அச்சமூட்டும். கிரெடிட் கார்டு பாக்கிக்கு மாதம் மூன்றரை விழுக்காடு என்றால் ஆண்டுக்கு 42 என்று தோன்றும். வட்டி முதலோடு சேரச் சேர, ஆண்டு முடிவில் அது 51 விழுக்காடாகியிருக்கும். நூற்றுக்கு மாதம் பத்து ரூபாய் வட்டிக்கு வாங்கி, கட்டாத வட்டி முதலில் ஏறினால், ஏழேகால் மாதத்தில் கடன் இரட்டிப்பாகும். ஓராண்டில் மூன்று மடங்கைத் தாண்டும். கந்து வட்டி, மீட்டர் வட்டி ஆகியவற்றைத் தமிழ்நாடு 2003-இல் தனிச் சட்டம் இயற்றித் தடை செய்தது. சம்பளம் கூட்டல் முறையில் ஏறுகிறது, இந்தக் கடனோ பெருக்கல் முறையில் ஏறுகிறது. கடன்பட்டவரின் உழைப்பிலோ ஒழுக்கத்திலோ குறை தேடுபவர்கள் இந்த வேறுபாட்டைக் காண்பதில்லை.

இட்லி மாவு புளிப்பதும் பெருக்கல்தான். மாவிலுள்ள நுண்ணுயிரிகள் அரை மணிக்கு ஒருமுறை இரட்டிப்பதாகக் கொண்டால், எட்டு மணி நேரத்தில் ஒன்று 65,536 ஆகும்; அதில் பாதி கடைசி அரை மணியில் பிறந்தவை. முன்னிரவு முழுக்க அசைவில்லாமல் கிடந்த மாவு விடிவதற்குள் பொங்கி வழிவது இதனால்தான். ஆனால் பெருக்கம் ஓயாமல் தொடர்வதில்லை. நுண்ணுயிரிகள் உண்டாக்கும் அமிலமே அவற்றை ஒரு கட்டத்தில் தடுத்துவிடுகிறது. ஃபிரிட்ஜில் வைத்தால் இரட்டிக்கும் இடைவெளி நீள்கிறது.

பொது விகிதம் ஒன்றுக்குக் குறைவாக இருந்தால் வரிசை தேயும். அப்போது எத்தனை உறுப்புகளைக் கூட்டினாலும் தொகை ஓர் எல்லையைத் தாண்டாது. மருந்து உட்கொள்ளும் முறை இதை நம்பியிருக்கிறது. ஒரு மருந்தில் பாதி ஒரு நாளில் உடலைவிட்டு நீங்கும் என்றால், அதன் அரை ஆயுட்காலம் ஒரு நாள். நாளுக்கு ஒரு மாத்திரை போட்டுவந்தால், மாத்திரை போட்டவுடன் உடலில் இருக்கும் அளவு 1, பிறகு 1½, பிறகு 1¾ என்று ஏறி இரண்டை நெருங்கும். ஆண்டுக்கணக்கில் போட்டாலும் இரண்டைத் தாண்டாது. ஐந்தாம் நாளிலேயே அந்த எல்லையில் 97 விழுக்காடு வந்துவிடும். நீண்ட அரை ஆயுட்காலம் உள்ள மருந்துகள் பலன் காட்டச் சில நாட்கள் பொறுக்கச் சொல்வதற்கு இது ஒரு காரணம். நிறுத்தினாலும் அதே வரிசை இறங்குகிறது: ஐந்து அரை ஆயுட்காலம் கழிந்தபின் உடலில் மிஞ்சுவது முப்பத்திரண்டில் ஒரு பங்கு.