செம்பனை அடியில் பளபளக்கும் ஆபத்து

ஜொகூர், குளுவாங் மாவட்டத்தின் பாலோ வட்டாரத்தில் செம்பனைத் தோட்டங்களுக்குக் குறைவில்லை. அங்கு வளரும் மாணவர்கள் ஒரு காளானைக் கட்டாயம் அடையாளம் கண்டுகொள்ளப் பழக வேண்டும். அதன் பெயர் கானோடெர்மா போனினென்ஸ். கிரேக்க மொழியில் 'கானோஸ்' என்றால் பளபளப்பு, 'டெர்மா' என்றால் தோல். ஜப்பானின் போனின் தீவுகளில் கிடைத்த மாதிரியை வைத்து 1889இல் இது விவரிக்கப்பட்டதால் 'போனினென்ஸ்' ஆனது.

முளைக்கும்போது அடித்தண்டில் வெறும் வெள்ளைக் குமிழாகத்தான் தெரியும். பிறகு விசிறிபோல் விரியும். மேற்புறம் வார்னிஷ் அடித்த செம்பழுப்பு, விளிம்பு மட்டும் வெளிர் நிறம். கீழ்ப்புறத்தையும் குனிந்து பாருங்கள். குடைக்காளானுக்கு உள்ள மடிப்புகள் இதற்கு இல்லை. ஊசியால் குத்தியதுபோல் நுண்துளைகள் நிறைந்திருக்கும். பழுப்பு நிற வித்துகள் அவற்றின் வழியே தூளாகக் கொட்டும். முற்றியதைத் தொட்டால் கட்டைபோல் இருக்கும்.

கடைகளில் விற்கும் லிங்ஷியும் இதே பேரினம்தான். மலாயாவில் 1930களின் தொடக்கத்தில் இந்நோயைப் பதிவு செய்தபோது, லிங்ஷிக்கு வழங்கிய 'லூசிடம்' என்ற இனப் பெயரையே இதற்கும் சூட்டியிருந்தார்கள். அதற்காக இதைப் பறித்து யாரும் கஷாயம் வைத்துவிடாதீர்கள்!

இந்தப் பூஞ்சை, மரத்துக்கு உறுதி தரும் லிக்னினைச் சிதைக்கிறது. அடித்தண்டு அழுகியதும் நீர் மேலே ஏறுவது தடைபடும். குருத்தோலைகள் விரியாமல் ஈட்டிபோல் நிற்கும். கீழ் மட்டைகள் பாவாடைபோல் தொங்கிவிடும். கொடுமை என்னவென்றால், இந்த அறிகுறிகள் தெரியும்போது அடித்தண்டில் பாதிக்கு மேல் அழுகியிருக்கலாம். முழுமையாகக் குணப்படுத்தும் மருந்து இன்னும் இல்லை. அடியில் மண் அணைப்பதும், தண்டில் பூஞ்சைக்கொல்லியை ஊசிமூலம் செலுத்துவதும் மரத்தின் ஆயுளைக் கொஞ்சம் நீட்டிக்கும், அவ்வளவே.

அன்று இது கிழட்டு மரங்களின் நோய். இன்று மறுநடவு செய்த நிலங்களில் சில ஆண்டுகளே ஆன மரங்களும் சாய்கின்றன. பழைய அடிக்கட்டையிலும் வேரிலும் பூஞ்சை உயிரோடு காத்திருந்து, புதுக் கன்றின் வேர் வந்து தொட்டதும் தாவிவிடுகிறது. சுமார் 25 ஆண்டு காய்க்கும் என்று நம்பி நட்ட சிறுதோட்டக்காரருக்கு ஒவ்வொரு மரமும் மாத வருமானம். அடிக்கட்டையைத் தோண்டி எடுக்க ஆகும் செலவைப் பார்த்து அப்படியே நடுவது, என் பார்வையில், பொய்க் கணக்கு.

காளானை உதைத்துத் தள்ளுவதிலும் பயனில்லை. பூஞ்சை இழைகள் தண்டுக்குள் இருக்கின்றன. அடையாளம்தான் காணாமல் போகும். மரத்தில் சாயக்குறி போட்டு, தோட்டத்தைப் பார்த்துக்கொள்பவரிடம் சொல்லுங்கள். காற்றும் மழையுமான நாளில் அந்த மரத்தடியில் ஒதுங்க வேண்டாம். மட்டைகள் பச்சையாக இருக்கும்போதே வேரோடு சாய்ந்துவிடக்கூடும்.