முட்டை இட்டது சரி, கொடிதான் தப்பு!

ஒரு பட்டாம்பூச்சியைக் காப்பாத்த என்ன செய்யலாம்? "செடி வைக்கலாம்"னு உடனே சொல்வீங்க. எந்தச் செடி? விஷயமே அங்கேதான் இருக்கு.

ஆஸ்திரேலியாவில் குவீன்ஸ்லாந்தின் தென்கிழக்கிலும் நியூ சவுத் வேல்ஸின் வடக்கிலும் வாழ்வது ரிச்மண்ட் பேர்ட்விங். பறவை மாதிரி பெரிய சிறகு, அதனால்தான் அந்தப் பெயர். ஆணின் சிறகில் பச்சை மின்னும். இதன் புழு, மழைக்காட்டில் வளரும் ஓரிரு கொடிகளின் இலையை மட்டுமே தின்னும். விவசாயத்துக்கும் வீட்டுமனைக்கும் காட்டை அழித்தபோது அந்தக் கொடியும் போனது.

அடுத்த ஆபத்து தோட்டங்களில் காத்திருந்தது. தென் அமெரிக்காவிலிருந்து அழகுக்காகக் கொண்டுவந்த 'டச்சுமேன்ஸ் பைப்' கொடியும் அதே குடும்பம். பெண் பூச்சி காலால் இலையைத் தொட்டு, அதிலுள்ள ரசாயனத்தை வைத்துத்தான் செடியை அடையாளம் காணும். இந்தக் கொடியிடம் ஏமாந்து முட்டையிடும். பொரிந்து வரும் புழு, இலையைத் தின்று செத்துப்போகும்.

1990களில் விஞ்ஞானிகள் பள்ளிப் பிள்ளைகளையும் ஊர் மக்களையும் சேர்த்துக்கொண்டு சரியான கொடியை நடத் தொடங்கினார்கள். துண்டு துண்டான காடுகளில் சிக்கிய பூச்சிகள் நெருங்கிய உறவுக்குள்ளேயே இனப்பெருக்கம் செய்து பலவீனமாகின்றன. அதனால் காடுகளை இணைக்கிற மாதிரி வழிநெடுகக் கொடி வைத்தார்கள்.

நம்ம மேற்குத் தொடர்ச்சி மலையில் பறக்கும் சதர்ன் பேர்ட்விங்கும் ஈஸ்வரமூலி போன்ற இதே குடும்பக் கொடிகளை நம்பித்தான் இருக்கு. அடுத்த தடவை காலேஜ்ல மரக்கன்று நடும் விழா வந்தா, போட்டோ எடுக்குறதுக்கு முன்னாடி ஒரு கேள்வி கேளுங்க: "இந்தச் செடியை யார் சாப்பிடுவாங்க?"